காட்டுகிறவனும் காண்கிறவனும்

ஒரு மனிதன் தன் ஊரைப் பிறருக்குக் காட்டும்பொழுது எதைக் காட்டக் கடமைப்பட்டிருக்கிறான், எதை விட்டுவிட உரிமை உடையவனாயிருக்கிறான் என்னும் கேள்வி தத்துவ சாஸ்திரம் படித்தவர்கள் மட்டுமே ஆராய வேண்டிய ஒன்றன்று. விருந்தாளி வருகிறார் என்றவுடன் கூடத்தைப் பெருக்கிக் கோலமிட்டு, சமையலறைக் கதவைச் சாத்திவைக்கிற நாம் ஒவ்வொருவரும் இதற்கு அன்றாடம் ஒரு விடையைச் சொல்லிக்கொண்டுதான் வருகிறோம். அந்த விடை சரிதானா என்று எண்ணிப் பார்ப்பதற்கு மாத்திரம் நமக்கு அவகாசம் கிடைப்பதில்லை. எனக்கு அந்த அவகாசம் சென்ற மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றில், கூலி கொடுத்து அமர்த்திய ஒரு வழிகாட்டியின் பின்னால் நடந்தபொழுது கிடைத்தது.

மதுரையிலிருந்து என் தாய்மாமன் மகன் வந்திருந்தார். கோலாலம்பூரிலும் கிள்ளானிலும் உள்ள பழைய இடங்களையும் வழிபாட்டுத் தலங்களையும் ஒரே நாளில் பார்த்துவிட வேண்டும் என்பது அவருடைய ஆசை. காரும் வழிகாட்டியும் தம் செலவிலேயே பேசி முடித்திருந்தார். “மச்சான், நீங்கள் இந்த நாட்டுக்காரர்தாம், ஆனாலும் விவரம் தெரிந்தவன் வாயால் கேட்டால்தான் எனக்கு மனம் நிறையும்” என்றார். சிறிது சுருக்கென்றது. ஆயினும் அவர் சொன்னதில் தவறில்லை. தோட்டத்தில் கிராணி வேலை பார்க்கிறவனுக்குத் தெரிந்த சரித்திரமெல்லாம் செக்ரோல் புத்தகத்தோடு முடிந்துபோகிறது. என் தாயாரும் உடன் வந்தார். அவர் பால்மரம் வெட்டியே என்னை ஆங்கிலப் பள்ளிக்கூடத்திற்கு அனுப்பியவர். அந்நாள்வரை கோலாலம்பூரை ஆஸ்பத்திரிக்காகவும் தைப்பூசத்திற்காகவும் மட்டுமே கண்டவர்.

வழிகாட்டி தமிழ் இளைஞர். மலாய், ஆங்கிலம், தமிழ் மூன்றும் தடையின்றிப் பேசினார். காலை 7 மணிக்குப் பத்துமலை அடிவாரத்தில் நின்றுகொண்டு 272 படிகளையும், 2006இல் திறக்கப்பெற்ற 42.7 மீட்டர் உயர முருகன் சிலையையும், 2018இல் படிகளுக்குப் பல வர்ணம் பூசியதையும் அவர் எடுத்துச் சொன்ன விதம் அழகாகவே இருந்தது. 1892 முதல் இங்கே தைப்பூசம் நடைபெற்று வருவதைச் சொல்லி, குகையில் கோயில் காணக் காரணமாயிருந்த தம்புசாமிப் பிள்ளை யார் என்று வினவி, அவரே விடையும் கூறினார். பிள்ளை முதலில் சிலாங்கூர் அரசாங்கக் கருவூலத்தில் எழுத்தராயிருந்தவர். பிற்காலத்தில் ஈயத்தால் செல்வரானவர். ‘எழுத்தர்’ என்ற சொல் காதில் விழுந்ததும் நான் அறியாமலே நிமிர்ந்து நின்றேன். கிராணி குலத்திற்கு இப்படியும் ஒரு பெருமை உண்டு என்று யாரும் எனக்குச் சொன்னதில்லை!

அங்கிருந்து நகருக்குள் வந்து, முன்னாளில் ஹை ஸ்திரீட் எனப்பட்ட தெருவிலுள்ள மகா மாரியம்மன் கோயிலுக்குச் சென்றோம். 1873இல் தோன்றியது, பிள்ளை குடும்பத்தின் தனிக் கோயிலாயிருந்தது, 1920களின் இறுதியில் பொதுமக்களுக்குத் திறந்துவிடப்பட்டது, இப்போதைய கட்டடம் 1968இல் எழுந்தது, கோபுரம் ஐந்து நிலை, உயரம் சுமார் 23 மீட்டர் என இவ்வளவும் மூன்று நிமிஷத்தில் முடிந்தது. ஒரு குடும்பத்தின் உடைமையாயிருந்த கோயில் ஊராரின் உடைமையாக மாறிய நிகழ்ச்சியே என் வரையில் கோபுரத்தைக் காட்டிலும் பெரிய காட்சி. அது அவருடைய பேச்சில் ஒரு பெயரெச்சமாக வந்து மறைந்தது. மண்டபத்துத் தூணையும் விளக்கையும் யார் யார் உபயம் செய்தார்கள் என்பது மட்டும் சலவைக்கல்லில் ஐயத்திற்கிடமின்றி எழுதப்பட்டிருந்தது. கல் சுமந்தவர் பெயரைக் கல்லில் எழுதும் வழக்கம் எந்தச் சமயத்தாரிடமும் இருப்பதாகத் தெரியவில்லை.

கிள்ளான் ஆறும் கோம்பாக் ஆறும் கூடுமிடத்தில் உள்ள ஜாமெக் மசூதியில் ஒரு சிறு சம்பவம் நிகழ்ந்தது. 1909இல் திறக்கப்பட்ட அந்த மசூதியை வரைந்தவர் ஹபேக் என்னும் ஆங்கிலேயர். மொகலாயர் கட்டடங்களைப் பார்த்து அவர் அதனை அமைத்தார். அதற்குமுன் அவ்விடம் இடுகாடாயிருந்தது. 1965இல் தேசிய மசூதி எழும்வரை நகரத்தின் தலைமை மசூதி அதுவே. வாயிலில் பெண்களுக்கு ஒரு நீண்ட அங்கி கொடுத்தார்கள். என் தாயார் அதை அணிந்துகொண்டு உள்ளே வந்தவர், முற்றத்தில் கால் வைத்ததும் கை கூப்பிவிட்டார். மைத்துனருக்குச் சங்கடமாயிருந்தது. “அத்தை, இங்கே கும்பிடக்கூடாது, பார்க்க மட்டும்தான் வந்தோம்” என்று மெல்லச் சொன்னார். தாயார், “சாமி இருக்கிற இடத்தில் சும்மா நின்று பார்க்கிறதுதானப்பா எனக்குக் கூச்சமாக இருக்கிறது” என்றார்.

நான் கோயில் குளம் என்று அலைகிறவனல்லன். கைகூப்புவதால் பயன் ஏதும் உண்டென்று நம்புகிறவனும் அல்லன். ஆயினும் தாயார் சொன்னதை எளிதில் தள்ளிவிட முடியவில்லை. ஐந்து பேர் தொழுது எழுந்த இடத்தில் ஆறாவது ஆளாக நின்று, தூண் எத்தனை, வளைவு எத்தனை என்று எண்ணுகிறவன் அந்த ஐவருக்கும் எதையோ கடன்படுகிறான். வாயிலிலே செருப்பைக் கழற்றியதும் அங்கி அணிந்ததும் அக்கடனில் ஒரு பகுதி. மீதியைக் கும்பிட்டுத் தீர்க்கலாம் என்பது என் தாயாரின் வழி. அறிந்துகொண்டு தீர்க்கலாம் என்பது என்னைப் போன்றோர் சொல்லுகிற வழி. ஆனால் அறிந்துகொள்ளவும் முயலாமல் படம் மட்டும் பிடித்துக்கொண்டு திரும்புகிறோமே, அதை எந்த வழியில் சேர்ப்பது?

நடுப்பகலில் பிரிக்பீல்ட்ஸ் வந்து சேர்ந்தோம். 1881இல் முதலில் நெருப்பும் பின்னர் வெள்ளமும் அத்தாப்புக் கூரை நகரத்தை அழித்த பிறகு, இனிச் செங்கல்லும் ஓடும் கொண்டே கட்ட வேண்டும் என்று ஏற்பட்டதும், யாப் ஆ லோய் என்ற சீனத் தலைவர் இங்கே சூளை வைத்ததும் வழிகாட்டி சொல்ல அறிந்தோம். 1894இல் சங்கம் கண்ட சிங்களவரின் பௌத்த மகா விகாரை, யாழ்ப்பாணத்தார் எழுப்பிய கந்தசுவாமி கோயில், விவேகானந்தர் பெயரால் 1904இல் தொடங்கிய ஆசிரமம், கிறிஸ்தவ ஆலயங்கள் எல்லாம் நடக்கும் தூரத்திற்குள் இருக்கின்றன. இவ்வளவு சமயங்கள் ஒரு பேட்டையில் குடியேறிய காரணம் இரயில்வே. கூலியும் எழுத்தரும் ஸ்டேஷன் மாஸ்டரும் தத்தம் தெய்வங்களோடு வந்து இறங்கினார்கள். அவர்கள் குடியிருந்த ‘நூறு வீடுகள்’ என்ற வரிசையில் பெரும்பகுதி 2010களில் இடிந்துபோயிற்று. பழைய இரயில் முற்றத்தின் மேல் 2001இல் பெரிய நிலையம் ஒன்று எழுந்திருக்கிறது. 2015இல் இரு நாட்டுப் பிரதமர்கள் வந்து திறந்துவைத்த தோரண வாயிலின் முன்னே வழிகாட்டி எங்களை நிறுத்திப் படம் எடுத்தார். வீடுகள் இருந்த இடத்தைக் காரிலிருந்தபடியே கைகாட்டினார். வாழையிலைச் சாப்பாடு மிக நன்றாயிருந்தது என்பதையும் சொல்லாமல் விடக்கூடாது.

இனிமேல் சொல்லப்போவதே நான் இதை எழுத நேர்ந்ததற்குக் காரணம்.

கோலாலம்பூரிலிருந்து கிள்ளானுக்குச் சுமார் 30 கிலோமீட்டர். கூட்டரசு நெடுஞ்சாலையில் கார் ஏறியதும் வழிகாட்டி பேச்சை நிறுத்தினார். வானொலியில் பாட்டு வைத்தார். “கிள்ளான் போகும்வரை பார்க்க ஒன்றுமில்லை அண்ணே, கொஞ்சம் கண்ணயருங்கள்” என்றார். பார்க்க ஒன்றுமில்லை! பெட்டாலிங் ஜெயா இருக்குமிடம் எபிங்காம் தோட்டம். சுபாங் ஜெயா இருக்குமிடம் சீபீல்டு தோட்டம். ஷா ஆலம் என்னும் மாநிலத் தலைநகர் இருக்குமிடம் சுங்கை ரெங்கம் தோட்டம். மூன்றும் ரப்பர்த் தோட்டங்கள். என் தாயார் கண்ணயரவில்லை. சாளரத்தின் ஓரமாக உட்கார்ந்து, “இங்கே நம் சின்னப் பாட்டி இருந்தது, அதோ அந்தப் பக்கம் ஆயக்கொட்டகை” என்று தமக்குத் தாமே சொல்லிக்கொண்டு வந்தார். அவர் விரல் நீட்டிய இடத்தில் ஒரு கார் விற்பனைக் கடை இருந்தது. மைத்துனர் உறங்கிவிட்டார். அன்றைய பயணத்தில் எங்கள் இனத்தார் மிக அதிகமாக வாழ்ந்து மடிந்த பகுதி, பேச்சு நிறுத்தப்பட்ட அந்த அரைமணி நேரந்தான்.

கிள்ளானில் 1857இல் ராஜா அப்துல்லா கட்டிய பண்டகசாலையின் வெளியே நின்று, அவ்வாண்டு அவர் அம்பாங் பக்கம் ஈயம் தேடி அனுப்பிய 87 சீனத் தொழிலாளர்களின் கதையை வழிகாட்டி வெகு உருக்கமாகச் சொன்னார். ஒரு மாதத்திற்குள் காய்ச்சல் கண்டு 18 பேர் தவிர எல்லோரும் இறந்தார்கள். கோலாலம்பூர் உண்டானது அப்படித்தான். 1930களில் எழுந்த சுல்தான் சுலைமான் மசூதியையும், 1890களில் ஏற்பட்ட சுந்தரராஜப் பெருமாள் கோயிலையும் பார்த்தோம். மாலையில் தெங்கு கிளானா சாலையில் தேநீர் அருந்த உட்கார்ந்தோம்.

அப்போது நான் அவரிடம், “தம்பி, 1941ஐப் பற்றி ஒன்றும் சொல்லவில்லையே?” என்றேன்.

வாசகரிற் சிலருக்கு விளக்கம் வேண்டியிருக்கலாம். 1941ஆம் ஆண்டு மார்ச்சு முதல் மே வரை கிள்ளான் வட்டாரத்து ரப்பர்த் தோட்டங்களில் ஆயிரக்கணக்கான தமிழ்த் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தனர். ‘தமிழ் நேசன்’ பத்திரிகையில் உதவியாசிரியராயிருந்த ஆர். எச். நாதன் அவர்களுக்கு வழிகாட்டியாயிருந்தார். சீனத் தொழிலாளருக்குச் சமமான கூலி, பிள்ளைகளுக்குத் தக்க கல்வி, வைத்திய வசதி, கள்ளுக்கடைகளை மூடுதல், பெண்களிடம் துரைமாரும் சிப்பந்திகளும் முறைகேடாக நடவாதிருத்தல் ஆகியவை அவர்கள் வைத்த கோரிக்கைகள். அவற்றோடு இன்னொன்றும் இருந்தது: துரையையோ ஆசியச் சிப்பந்தியையோ எதிரே கண்டால் தொழிலாளி சைக்கிளைவிட்டு இறங்கி நிற்க வேண்டும் என்னும் கட்டாயத்தை ஒழிக்க வேண்டும். மே மாதத்தில் நாதனைக் கைதுசெய்து நாடு கடத்தினார்கள். கிளர்ச்சி பெருகியது. சிலாங்கூரில் நெருக்கடி நிலை அறிவித்துப் பட்டாளத்தைக் கொண்டுவந்தார்கள். சுட்டதில் ஐவர் மாண்டனர்.

வழிகாட்டி தேநீர்க் குவளையைக் கீழே வைத்துவிட்டு, “தெரியும் அண்ணே, படித்திருக்கிறேன்” என்றார். “முதலிரண்டு தடவை சொல்லிப் பார்த்தேன். கேட்கிறவர்கள் முகம் சுருங்கிப் போகிறது. உல்லாசமாக ஒருநாள் கழிக்க வந்தவர்களிடம் துப்பாக்கிக் கதை எதற்கு? மேலும் காட்டுவதற்கு ஒரு கல்லும் இல்லை. வெறும் ரோட்டைக் காட்டி இங்கேதான் என்றால் நம்பவா போகிறார்கள்?”

எனக்குக் கோபம் வந்தது. 69 பேர் காய்ச்சலில் இறந்ததைச் சொல்லலாம், ஐவர் குண்டுபட்டு இறந்ததைச் சொல்லக்கூடாதா? முன்னது காடும் கொசுவும் செய்த வேலை; யாரும் குற்றவாளியில்லை. அதிலும் நூற்றறுபது ஆண்டுக்கு மேற்பட்ட சாவு என்பதனால் கேட்பவனுக்கு அது ஒரு சுவையாகக்கூட இருக்கிறது. பின்னதில் சுட்டவன் இருக்கிறான், சுடச் சொன்னவன் இருக்கிறான், சைக்கிளைவிட்டு இறங்கச் சொன்னவனும் இருக்கிறான். அவர்கள் பேரன்மார் நம்மோடு தேநீர் குடித்துக்கொண்டிருக்கவும் கூடும். ஆகவே அதை விட்டுவிடுகிறோம். பொய் சொல்லவில்லை, ஒன்றைச் சொல்லவில்லை, அவ்வளவே. ஒரு பகலில் உலகத்தையெல்லாம் சொல்லிவிட முடியாதென்பதும் உண்மை. நேரம் போதாமல் விடுவது வேறு. ஆனால், கேட்பவன் மனம் நோகுமே என்று விடுவதும், நோகாமலிருப்பதற்கென்றே அவன் கூலி தருவதும் சேர்ந்து, இருவருமாக வாயைத் திறக்காமலே செய்துகொள்ளும் ஓர் ஒப்பந்தம் ஆகிறது. அதில் காட்டுகிறவனை மட்டும் குற்றம் சொல்லுவது எப்படி? மைத்துனர் முதற்கொண்டு நாங்கள் கேட்டது ஒரு நல்ல நாள். அதைத்தான் அந்தப் பிள்ளை கொடுத்தார்.

இவ்வாறு நியாயம் பேசிக்கொண்டிருந்த என் மனம் சற்று நேரத்தில் வேறிடத்திற்குப் போயிற்று.

1941இல் என் தாயாரின் தந்தைக்கு 16 வயது. கிள்ளான் வட்டாரத் தோட்டம் ஒன்றில் அவரும் பால்மரம் வெட்டினார். சைக்கிள் அவருடையதன்று, அண்ணனுடையது. செம்மண் பாதையில் தூரத்தே கிராணியின் குடை தெரிந்தவுடன் இறங்கி, வண்டியை ஓரமாகப் பிடித்துக்கொண்டு, குடை கடந்து போகும்வரை நிற்பாராம். “துரைகூடச் சில நாள் பார்க்காமல் போய்விடுவான்; கிராணி பார்க்காமல் போகமாட்டான்” என்று எங்களுக்குச் சொல்வார். நான் கிராணி வேலைக்கு உத்தரவு வாங்கிக்கொண்டு அவரிடம் ஆசி பெறச் சென்ற நாளில், நாற்காலியிலிருந்த அந்தக் கிழவர் என்னைக் கண்டதும் சிரித்துக்கொண்டே, கோலை ஊன்றி எழுந்து, சுவரோரமாக ஒதுங்கி நின்றார். எல்லோரும் சிரித்தோம். நானும் சிரித்தேன். இரண்டாண்டு கழித்து அவர் காலமானார். அது வேடிக்கைதானா என்று அவரை நான் கேட்கவேயில்லை.

இப்போது எங்கள் தோட்டத்தில் ரப்பர் இல்லை, செம்பனை. தமிழர் லயங்களில் தமிழர் குறைந்துவிட்டனர். குலை வெட்டுகிறவர்களும் மருந்து தெளிக்கிறவர்களும் இந்தோனேசியாவிலிருந்தும் வங்காள தேசத்திலிருந்தும் வந்தவர்கள். நான் வெளிக்காட்டுப் பாதையில் போகும்போது எதிரே வருகிறவன் மோட்டார் சைக்கிளை நிறுத்தி ஒதுங்குகிறான். அப்படிச் செய்யச் சொல்லி ஒரு சட்டமும் இல்லை. நான் கேட்டதும் இல்லை. வேண்டாம் என்று சொன்னதும் இல்லை.

அதுமட்டுமன்று. எண்ணெய் வாங்கும் அயல்நாட்டார் கேட்பதனால் ஆண்டுதோறும் தோட்டத்திற்குப் பரிசோதகர் வருகிறார். தொழிலாளர் எப்படி வாழ்கின்றனர் என்று பார்ப்பதும் அவருடைய வேலையில் சேர்ந்தது. ஆங்கிலம் நன்றாகப் பேசக்கூடியவன் என்பதனால் அவரை அழைத்துச் செல்லும் பொறுப்பு ஐந்து வருஷமாக என்னுடையதே. பூட்டு மாட்டிய மருந்து அறை, மருந்து தெளிப்பவர் குளிக்கும் அறை, புதிதாக வெள்ளையடித்த ஆயக்கொட்டகை, முன்வரிசை வீடுகள், தோட்டத்து மாரியம்மன் கோயில் என்று இந்த வரிசையில் கூட்டிச்செல்வேன். கோயிலின் வயதைச் சொல்லுவேன். அவரும் செருப்பைக் கழற்றிவிட்டுப் படம் எடுத்துக்கொள்வார். அதற்குள் மதியச் சாப்பாட்டு நேரம் ஆகிவிடும். பின்வரிசை லயத்திற்கு ஒருநாள் விட்டு ஒருநாள்தான் தண்ணீர் வருகிறது என்பதை அவர் கேட்டதில்லை, நானும் சொன்னதில்லை. மேலே இருக்கிறவர்கள் மறைக்கச் சொல்லவும் இல்லை. ஒருவரும் சொல்லாமலே எந்த வழியாகப் போகவேண்டும் என்று என் கால்களுக்குத் தெரிந்திருந்தது. செக்ரோலில் ஒரு பெயரைத் தப்பாக எழுதினால் எனக்கு இரவு தூக்கம் வராது. இதற்கு வந்துகொண்டிருந்தது.

தேநீர்க் கடையில் நான் பேச்சற்றுப்போனதைக் கண்ட வழிகாட்டி, தாம் சொன்னது எனக்கு வருத்தம் தந்துவிட்டதாக எண்ணி, “கோபித்துக்கொள்ளாதீர்கள் அண்ணே” என்றார். கோபமில்லை என்றேன். மைத்துனர், “அந்தச் சைக்கிள் கதையை நீங்களாவது காரிலேயே சொல்லியிருக்கலாமே மச்சான், நான் தூங்கியிருக்கமாட்டேன்” என்று குறைபட்டுக்கொண்டார். அந்தக் குறை நியாயமானது. கூலிக்கு வந்தவர் சொல்லவில்லை என்று வருந்திய நான், அந்த அரைமணி நேரமும் வாய்மூடி உட்கார்ந்திருந்தவன்தான். சொல்லிக்கொண்டு வந்தது என் தாயார் ஒருவரே. அவருக்குக் காது கொடுத்தவர் யாரும் இல்லை.

திரும்பும்போது இருட்டிவிட்டது. தாயார் முன்னிருக்கையில் உட்காருவதாகச் சொல்லி, வழிகாட்டியைப் பார்த்து, “தம்பி, பாட்டை நிறுத்துப்பா, நான் சொல்கிறேன், நீ கேட்டு வைத்துக்கொள்” என்றார். அந்தப் பிள்ளை உடனே வானொலியை அணைத்தார். ஷா ஆலம் விளக்குகள் வந்ததும் தாயார் விரலை நீட்டித் தொடங்கினார். சில இடங்களைத் தவறாகச் சொல்லியிருக்கலாம். அவ்வளவு வெளிச்சத்தில் யாருக்குத்தான் அடையாளம் தெரியும்?

பரிசோதகர் வரும் 14ஆம் தேதி தோட்டத்திற்கு வருகிறார். அவர் பார்க்கவேண்டிய இடங்களின் பட்டியலை நான்தான் தட்டெழுத வேண்டும். மருந்து அறை வழக்கம்போல் முதலாவது. இரண்டாவது எண்ணுக்கு எதிரே ‘பின்வரிசை லயம், தண்ணீர்க் குழாய்’ என்று எழுதியிருக்கிறேன். தாள் இன்னும் என் மேஜையிலேயே இருக்கிறது. நாளைக் காலை பெரட்டு முடிந்ததும் கையெழுத்துக்கு மேலே போகவேண்டும்.